சேசிஸ் நம்பர்மேல் சிந்தூரம்

ஃபேகன் சஹனி கோர்ட்டு பெஞ்சில் உட்கார்ந்திருக்கும்போதுகூட அவன் வலது கை சும்மா இருக்காது. தொடைமேல் பட் பட்டென்று தட்டிக்கொண்டே இருக்கும். ஒருமுறை மாஜிஸ்திரேட்டே எழுதுவதை நிறுத்திவிட்டு, "அங்க யாரு தபேலா வாசிக்கிறது?" என்று கேட்டுவிட்டார். வக்கீல் லம்போதர் ஜா எழுந்து, "ஹுஜூர், என் கட்சிக்காரன் மீன்குஞ்சு கொண்டு போறவன். அது தொழில் பழக்கம்" என்றார். மூன்று வருஷத்தில் அந்த வக்கீல் சொன்ன ஒரே உருப்படியான பேச்சு அதுதான் என்று நான் நினைத்திருந்தேன். கடைசி நாளில் இன்னொன்றும் சொன்னார். அது பிறகு வரும்.

என் பெயர் அர்த்தநாரி. சொந்த ஊர் திருச்செங்கோடு. ஐந்தாம் வகுப்பில் வாத்தியார் அடித்த அடியோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். எண்பத்து நாலில் ஒரு போர்வெல் லாரியில் கிளீனராக ஏறிப் பீகாருக்கு வந்தேன். லாரி திரும்பிப் போனது, நான் போகவில்லை. இன்றைக்கு என் பெயரில் மூன்று ரிக் வண்டி ஓடுகிறது. மிதிலைப் பக்கம் எங்கள் வட்டாரத்தில் அடிபம்பில் தண்ணீர் குடிக்கிற இரண்டு பேரில் ஒருவர் நான் இறக்கின குழாயில்தான் குடிக்கிறார். இந்த மண்ணிலிருந்து ஜனக மகாராஜா சீதையை எடுத்தார், நான் தண்ணீரை எடுத்தேன். படித்த இன்ஜினியர்கள் வீடு தேடி வந்து, "சாச்சா, அந்த ஊர்ல எத்தனை அடியில மணல் வரும்?" என்று கேட்டுப் போவார்கள். சாச்சா என்றால் சித்தப்பா. எதற்குச் சொல்கிறேன் என்றால், இரும்பு, இயந்திரம் பற்றி நான் ஒன்று சொன்னால் இங்கே யாரும் மறு பேச்சுப் பேசுவதில்லை. ஃபேகன் கேஸில் வந்த வினையே அதுதான்.

ஃபேகன் என்றால் தூக்கிப் போட்டவன் என்று அர்த்தம். முன்னால் பிறந்த இரண்டும் தங்கவில்லை. அதனால் இவன் பிறந்ததும் குப்பைமேட்டில் ஒரு நிமிஷம் போட்டுவிட்டு எடுத்துக்கொண்டார்கள். நம் ஊரில் குப்புசாமி என்று வைக்கிறோமே, அதே கணக்கு. சஹனி என்பது மீன்காரர்களின் ஜாதிப் பெயர். ஆனால் இவன் மீன் பிடிக்கிறவன் இல்லை, மீன் விதைக்கிறவன். வங்காளத்தில் பொரிக்கிற ரோகு, கட்லா குஞ்சுகளைக் கொண்டுவந்து இங்கே குளத்துக்காரர்களுக்குக் கொடுப்பது தொழில். குஞ்சு ஒவ்வொன்றும் சீரகம் பருமன்தான் இருக்கும். அலுமினிய அண்டாவில் தண்ணீரோடு விட்டு, ரயிலில் பதினாலு மணி நேரம் கொண்டுவர வேண்டும். தண்ணீர் அசையாமல் நின்றால் குஞ்சு மூச்சு முட்டிச் செத்துவிடும். அதனால் அண்டாவுக்குப் பக்கத்தில் குந்திக்கொண்டு உள்ளங்கையால் தண்ணீரைத் தட்டிக்கொண்டே வருவார்கள். பீடி பற்றவைக்கிற நேரம் விட்டாலும் போச்சு. மீசை முளைப்பதற்கு முன்னாலிருந்து ஃபேகன் தட்டுகிறான். அவன் வலது உள்ளங்கை வெளுத்து, ஊறின அப்பளம் மாதிரி இருக்கும்.

அவன் பெண்டாட்டி துலாரி கடைத்தெருவில் மீன் விற்கிறவள். வாய் கொஞ்சம் நீளம். "கல்யாணத்தன்னிக்கு என் வகிட்டுல சிந்தூரம் வெச்சாரு பாருங்க சாச்சா, வெச்ச கை எடுக்காம தலையத் தட்டுச்சு. நான் என்ன அண்டாவா?" என்று எல்லாருக்கும் முன்னால் சொல்லுவாள். ஃபேகன் சிரிப்பான். கை தட்டிக்கொண்டிருக்கும்.

இருபத்தைந்து வருஷம் ரயிலிலும் சைக்கிளிலும் அண்டா சுமந்து, கடைசியில் ஒரு லோடு ஆட்டோ வாங்கினான். அவன் பரம்பரையிலேயே முதல் முதலாக இஞ்சின் உள்ள பொருள். அதன்மேல் தொட்டி கட்டி வெல்டிங் வைத்தது நான்தான். சொட்டுத் தண்ணீர் ஒழுகாது, அது என் கை வேலை. பேட்டரியில் ஓடுகிற ஒரு காற்று மோட்டாரும் வைத்துக் கொடுத்தேன். குழாய் வழியாகக் காற்று குமிழ் குமிழாக வரும், தட்ட வேண்டிய வேலையே இல்லை. அப்படியும் ஃபேகன் சிக்னலில் வண்டி நின்றால் இறங்கி ஓடிப்போய் நாலு தட்டுத் தட்டிவிட்டு வருவான்.

"மோட்டார் எதுக்குய்யா வெச்சேன்?"

"மோட்டார் அதும்பாட்டுக்கு இருக்கட்டும் சாச்சா. குஞ்சுங்களுக்கு என் கை பழக்கம்."

அந்த வண்டிதான் மதுவிலக்கில் மாட்டியது. ஆடி மாசம், குஞ்சுப் பருவம் உச்சத்தில் இருந்த நேரம். தொட்டி நிறையக் குஞ்சோடு வந்துகொண்டிருந்தான். வழியில் ஒருத்தன் துணிப்பையோடு கை காட்டினான். தங்கை வீட்டு விருந்துக்குப் போகிறேன், மழை வருகிறது என்றான். இவனும் ஏற்றிக்கொண்டான். சோதனைச் சாவடியில் போலீஸைப் பார்த்ததும் அவன் குதித்து சணல் காட்டுக்குள் ஓடிவிட்டான். பை வண்டியில் இருந்தது. பைக்குள் இரண்டு பாட்டில்.

"பை யாருது?" என்று கேட்டார் தாரோகா நிஹோரா சிங். தாரோகா என்றால் நம் ஊர் எஸ்.ஐ.

"ஓடினவனுது ஹுஜூர்."

"ஓடினவன் எங்க?"

"ஓடிட்டான்."

"அப்ப இருக்கறவனுதுதான்."

ஸ்டேஷனுக்குக் கொண்டுபோனதும் வண்டியை ஓட்டிக்கொண்டு தப்பிவிடக் கூடாது என்று ஒரு கான்ஸ்டபிள் பேட்டரி ஒயரைப் பிடுங்கினான். காற்று மோட்டார் நின்றது. ஃபேகன் இரண்டு கையும் விலங்கில் இருக்க, தாரோகா காலடியில் உட்கார்ந்து கெஞ்சினான். "ஒரு கைய மட்டும் விடுங்க ஹுஜூர். இன்னொண்ணை வண்டியோடவே பூட்டிக்கங்க. தண்ணியத் தட்டிட்டே இருக்கேன். நாப்பதாயிரம் உசுரு."

"மீனுக்கும் ஜாமீன் கேக்கறியா?" என்று சிரித்தார் தாரோகா.

சாயங்காலத்துக்குள் எல்லாம் மேலே மிதந்தன. தொட்டிமேல் மாவு தூவின மாதிரி இருந்தது என்று ஒரே ஒரு தடவை சொன்னான்.

ஃபேகன் இருபத்தாறு நாள் உள்ளே இருந்துவிட்டு ஜாமீனில் வந்தான். வண்டிக்கு ஜாமீன் கிடையாதாம். சட்டப்படி அது அரசாங்கம் பறிமுதல் செய்ய வேண்டிய பொருள், கலெக்டர் ஆபீஸ் முடிவு பண்ணும், அதுவரைக்கும் ஸ்டேஷன் வளாகத்தில் நிற்கும். அங்கே போய்ப் பார்த்தவர்களுக்குத் தெரியும் அந்த லட்சணம். ஜீப், வேன், பைக், மாலை காய்ந்து தொங்குகிற கல்யாணக் கார், எல்லாம் ஒன்றின்மேல் ஒன்று முட்டிக்கொண்டு நிற்கும். சுரைக்கொடி ஏறி, இன்னது இன்னதென்று தெரியாது. இயந்திரத்தை மதிக்கத் தெரிந்தவன் அந்தப் பக்கம் போனால் வயிறு எரியும்.

இங்கே செப்டம்பரில் விஸ்வகர்மா பூஜை வரும். நம் ஆயுத பூஜை மாதிரி, எல்லா வண்டிக்கும் கருவிக்கும் அன்றைக்குக் கடுகெண்ணெயில் சிந்தூரம் குழைத்து வைப்பார்கள். ஜெயிலிலிருந்து வந்த வருஷம் ஃபேகன் என் பட்டறைக்கு வந்தான்.

"வண்டிக்குப் பூஜை போடணும் சாச்சா. தாரோகா சரின்னுட்டாரு. ஸ்டேஷன் ஜீப்புக்கும் அன்னிக்குத்தான் பூஜையாம், பூந்தி லட்டு கொண்டு வந்தா போதும்னாரு."

"போட்டுட்டு வாயேன்."

"அங்க அறுபது வண்டி நிக்குது. எது என்னுதுன்னு விஸ்வகர்மா பாபாவுக்கு எப்படித் தெரியும்?"

நான் எழுபது வயதைத் தாண்டினவன். தப்பை இன்னொருத்தர் தலையில் கட்டுகிற பழக்கம் இல்லை. அன்றைக்கு அவனுக்கு யோசனை சொன்னது நான்தான். "நம்பர் பிளேட்டுல வெக்காதே, அது கழண்டுடும். டிரைவர் சீட்டுக்கு அடியில சேசிஸ்ல அடிச்சிருக்கற நம்பர் இருக்கு பாரு, அதுமேல வை. அதுதான் வண்டியோட ஜாதகம். அது சாகற வரைக்கும் மாறாது. நான் என் ரிக்குக்கு அங்கதான் வெக்கறேன்" என்றேன்.

அவன் வைத்தான். சும்மா பொட்டு மாதிரி இல்லை. ஒரு சாண் நீளத்துக்கு, விரல் கனத்துக்கு. துலாரிதான் குழைத்துக் கொடுத்தாள். அடுத்த வருஷம் அதுமேல் இன்னொரு பூச்சு. மூன்றாம் வருஷம் அதுமேல் இன்னொன்று. ஏற்கெனவே ஃபேகனின் ஈரக் கை சொட்டிச் சொட்டி அந்த இடத்தில் துரு. துருவும் கடுகெண்ணெயும் சிந்தூரமும் மூன்று வருஷ வெயிலில் சேர்ந்து காய்ந்தால் என்ன ஆகும் என்று ஒரு இரும்புக்காரன் யோசித்திருக்க வேண்டும். நான் யோசிக்கவில்லை. லட்டுத் தின்றுவிட்டு வந்தேன்.

நாலாவது வருஷம் குஞ்சுப் பருவத்துக்கு ஒரு மாசம் முன்னால் நாங்கள் போட்டிருந்த மனுவுக்குப் பாட்னா ஹைகோர்ட்டிலிருந்து ஆர்டர் வந்தது. லம்போதர் ஜா வெற்றிலை எச்சிலைத் துப்பிவிட்டு வந்து வாசித்துக் காட்டினார். வண்டியை வெயிலிலும் மழையிலும் மக்க விடுவதால் யாருக்கும் பிரயோசனம் இல்லை. பறிமுதல் கேஸ் முடிகிற வரைக்கும் சொந்தக்காரன் வைத்துக்கொள்ளட்டும். ஒருத்தர் ஜாமீன் நிற்க வேண்டும். இஞ்சின் நம்பரும் சேசிஸ் நம்பரும் சரிபார்த்து ஒப்படைக்க வேண்டும். அவ்வளவுதான். நான்தான் ஜாமீன். என் நிலப் பட்டாவைப் பார்த்ததும் கோர்ட்டு குமாஸ்தா எழுந்து நாற்காலி போட்டான். அதெல்லாம் ஒரு நாளில் முடிந்தது.

அதே வாரம் கலெக்டர் ஆபீஸ் சுவரில் ஒரு பட்டியல் ஒட்டினார்கள். பதினாலாம் தேதி ஏலம். அதில் நாற்பத்தேழாவதாக ஃபேகனின் வண்டி. ஹைகோர்ட் கொடு என்கிறது, இவர்கள் விற்கிறேன் என்கிறார்கள். உள்ளே போய்க் கேட்டேன்.

"ஒப்படைச்ச ரசீது வந்தா நாப்பத்தேழை அடிச்சிடுவோம்" என்றார் அங்கிருந்த எழுத்தர்.

"ஹைகோர்ட் ஆர்டரே இருக்கே."

"ஆர்டர் இருக்கு. ரசீது இல்லையே."

"ரசீது வரலைன்னா?"

"கூப்பிடுவோம். கேக்கறவன் எடுத்துட்டுப் போவான்."

ஏலத்தில் போனால் அப்புறம் ஹைகோர்ட் இல்லை, அதற்கு மேலே யார் சொன்னாலும் வண்டி வராது. வாங்கினவன் மறுநாளே அறுத்து இரும்புக் கடைக்குப் போட்டுவிடுவான். பதினாலாம் தேதிக்குப் பத்து நாள் இருந்தது. பத்து நாள் தாராளம் என்று நினைத்த முட்டாள் நான்தான்.

நாலாம் தேதி பிரேக் இன்ஸ்பெக்டர் வந்தார். நானும் ஃபேகனும் துலாரியும் போனோம். சுரைக்கொடியை விலக்கினோம். டயர் நாலாய் இருந்திருந்தால் நாலும் போயிருக்கும், மூன்று சக்கரம் என்பதால் மூன்று போயிருந்தது. பேட்டரி இல்லை. காற்று மோட்டார் இல்லை. தொட்டி மட்டும் இருந்தது, என் வெல்டிங் ஆயிற்றே. அதன்மேல் தகரம் போட்டு மூடி, செங்கல் வைத்திருந்தார்கள். நான் தகரத்தில் கை வைத்ததும் ஒரு கான்ஸ்டபிள் ஓடிவந்தான்.

"தொறக்காதீங்க சாச்சா. பாம்பு இருக்கு."

"பாம்பை எதுக்குய்யா தகரம் போட்டு மூடி வெச்சிருக்கீங்க?"

"அதனாலதான் மூடி வெச்சிருக்கோம்" என்றான்.

இன்ஸ்பெக்டர் இஞ்சின் நம்பரைப் பார்த்து எழுதிக்கொண்டார். பிறகு சீட்டுக்கு அடியில் குனிந்தார். வெள்ளைத் தாளை வைத்துப் பென்சிலால் தேய்த்துத்தான் சேசிஸ் நம்பரைப் படியெடுப்பார்கள். தேய்த்தார். தாளில் நம்பர் வரவில்லை, சிவப்பாக ஒரு கறைதான் வந்தது.

"என்ன இது?"

"பூஜை சிந்தூரம் ஹுஜூர்" என்றான் ஃபேகன், ஏதோ நல்ல செய்தி சொல்கிற மாதிரி.

"சுரண்டிப் பாத்துடலாம். ஒரு ஸ்க்ரூ டிரைவர் குடுங்க" என்றேன் நான்.

தாரோகா நிஹோரா சிங் நடுவில் வந்து நின்றார். "இது கேஸ் சொத்து. யாரும் கை வெக்கக் கூடாது."

"மூணு வருஷமா கை வெச்சுதானே பூசினான்? லட்டு தின்னீங்களே."

"அது பூஜை. இது சுரண்டல். நாளைக்கு ஒரு கோடு அதிகமாப் போனா நம்பரைத் திருத்தினேன்னு என் தொப்பியைக் கழட்டிடுவாங்க." குரலைத் தாழ்த்தினார். "அப்புறம், பாபாவுக்கு வெச்ச சிந்தூரத்தை நான் சுரண்டச் சொல்றதா? போன மாசம்தான் ஜீப்புக்கு கிளட்ச் மாத்தியிருக்கு."

"அப்ப இன்ஸ்பெக்டர் சார் சுரண்டட்டும்."

"நான் எதுக்கு சுரண்டணும்? படிக்கறதுதான் என் வேலை" என்ற இன்ஸ்பெக்டர், 'சேசிஸ் எண் படிக்க முடியாத நிலையில் உள்ளது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுப் போய்விட்டார்.

லம்போதர் ஜா அதை வாசித்ததும் வெற்றிலை மெல்லுவதை நிறுத்தினார். "இது கெட்ட வரி. எண்ணை அழிச்சிருக்கான்னு இதையே யாராவது படிச்சா, வண்டி திருட்டு வண்டி ஆயிடும். அப்புறம் இவன் மேல புதுசா ஒரு கேஸ்."

"அடப்பாவமே. அது சிந்தூரம்யா."

"சிந்தூரம்னு லேபரட்டரி சொல்லணும். பாட்னாவுக்கு அனுப்பலாம். ரெண்டு வருஷத்துல பதில் வந்துடும்."

நான் பூமிக்குள் முந்நூறு அடியில் குழாய் மாட்டிக்கொண்டால்கூட அசராதவன். அன்றைக்குத் தலையில் கை வைத்து உட்கார்ந்தேன். ஃபேகன் என் பக்கத்தில் உட்கார்ந்து தொடையைத் தட்டிக்கொண்டிருந்தான். நம்பர்மேல் வைக்கச் சொன்னது நான் என்று அவன் வக்கீலிடம் சொல்லவில்லை. நானே சொன்னேன். ஜா என்னை மேலும் கீழும் பார்த்து, "மதராசி சாச்சா சொன்னா சரியாத்தான் இருக்கும்னு ஊரே நம்புது, அதான் ஆபத்து" என்றார். வேறு சமயமாக இருந்தால் பதில் சொல்லியிருப்பேன்.

சுத்தம் செய்ய அனுமதி கேட்டு மாஜிஸ்திரேட்டிடம் மனுப் போட்டோம். ஆறாம் தேதி அவர் லீவு. ஏழாம் தேதி யாரோ ஒரு பழைய வக்கீல் காலமாகிவிட்டார், இரங்கல் கூட்டம், கோர்ட்டு நடக்கவில்லை. எட்டாம் தேதி கோர்ட்டு நடந்தது, எங்கள் கட்டு அலமாரியில் கிடைக்கவில்லை. ஒன்பதாம் தேதி கிடைத்தது, மின்சாரம் இல்லை, டைப் அடிக்க முடியவில்லை. "கையால எழுதுங்களேன்" என்றேன். டைப்பிஸ்ட் என்னை ஒரு கிறுக்கனைப் பார்க்கிற மாதிரி பார்த்தார். பத்தாம் தேதி ஞாயிறு. பதினொன்றாம் தேதி சாயங்காலம் உத்தரவு கையில் வந்தது. தாரோகாவும் பிரேக் இன்ஸ்பெக்டரும் முன்னால் இருக்க, ஆயுதமோ அமிலமோ படாமல், அந்த இடத்தைச் சுத்தம் செய்யலாம். யார் செய்வது என்று எழுதவில்லை.

இன்ஸ்பெக்டருக்குப் பன்னிரண்டாம் தேதி வேறு ஊர். பதின்மூன்றாம் தேதி வந்தார். மறுநாள் ஏலம். வண்டியின் நெற்றியில் 47 என்று சுண்ணாம்பால் எழுதிவிட்டிருந்தார்கள். ஜாவும் அன்று வந்தார். என் பைப் லாரியையும் கொண்டுபோயிருந்தேன், டயர் இல்லாத வண்டியை வேறெப்படி எடுப்பது.

"ம், யாராவது துடைங்க" என்றார் இன்ஸ்பெக்டர்.

தாரோகா கான்ஸ்டபிளைப் பார்த்தார். கான்ஸ்டபிள் கையைப் பின்னால் கட்டிக்கொண்டான். "சாஹேப், என் வீட்டுல பிரசவ சமயம். சிந்தூரத்தைத் துடைச்சேன்னு தெரிஞ்சா எங்கம்மா வீட்டுக்குள்ள விடமாட்டா."

"நான் துடைக்கறேன்" என்று சட்டைக் கையை மடித்தேன்.

"ஜாமீன்தாரர் தொடக் கூடாது. உங்களுக்கு இதுல லாபம் இருக்கு" என்றார் தாரோகா.

"எனக்கு என்னய்யா லாபம்?"

"அது எனக்குத் தெரியாது. ஆனா தொடக் கூடாது."

ஆளாளுக்கு அந்தச் சிவப்பைச் சுற்றி நின்று பார்த்துக்கொண்டிருந்தோம். இன்ஸ்பெக்டர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அப்போதுதான் துலாரி தலை முந்தானையை இறுக்கிக்கொண்டு முன்னால் வந்தாள்.

"ஏன் ஹுஜூர், துர்க்கை வெச்சா பத்தாம் நாள் தண்ணியில விடறோம். விஸ்வகர்மா பாபா சிலை வெச்சாலும் மறுநாள் தண்ணியில விடறோம். நாங்க மூணு வருஷமா பாபாவை இங்க உக்கார வெச்சோம், ஒரு தடவையாவது அனுப்பி வெச்சோமா? அனுப்பாம விட்டா அவரு எப்படிப் போவாரு? அவரு போகாம வண்டி எப்படிப் போகும்?"

தாரோகா தாடையைத் தடவினார். "விசர்ஜனம்னா சரி. அது துடைக்கறதுல சேராது" என்றார். இன்ஸ்பெக்டரும் தலையை ஆட்டினார். ஹைகோர்ட்டும் மாஜிஸ்திரேட்டும் சேர்ந்து செய்ய முடியாததை ஒரு மீன்காரி செய்தாள் என்றுதான் நான் சொல்லுவேன்.

ஃபேகன் சைக்கிளில் போய்த் தங்கள் ஊர்க் குளத்திலிருந்து அண்டா நிறையத் தண்ணீர் கொண்டுவந்தான். துலாரி கடுகெண்ணெயைச் சூடு பண்ணி ஊற்றினாள். அவன் டிரைவர் சீட்டுக்கு அடியில் தலையை விட்டு ஒருக்களித்துப் படுத்து, தண்ணீரைத் தெளித்து, உள்ளங்கையால் தட்ட ஆரம்பித்தான். தேய்க்கவில்லை, சுரண்டவில்லை, தட்டினான். குஞ்சுத் தண்ணீரைத் தட்டுகிற அதே தட்டு. ஒரே வேகம், ஒரே கனம். எண்ணெய் ஊற ஊற, சிவப்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கலங்கி அவன் முழங்கை வழியாக வடிந்தது. எங்களில் யாராக இருந்தாலும் பத்து நிமிஷத்தில் கை ஓய்ந்திருக்கும். அவன் இரண்டு மணி நேரம் தட்டினான். நடுவில் தாரோகா டீ குடித்தார். இன்ஸ்பெக்டர் இரண்டு தடவை கிளம்பப் பார்த்தார், ஜா அவருக்கு வெற்றிலை மடித்துக் கொடுத்து உட்கார வைத்தார்.

"ஒண்ணு தெரியுது" என்றான் ஃபேகன் அடியிலிருந்து. அவனுக்கு எழுதப் படிக்க வராது, தன் பேரைப் போடத் தெரியும், எண் தெரியும். எண்களை மட்டும் ஒவ்வொன்றாகச் சொன்னான். கடைசி எண் வந்ததும் இன்ஸ்பெக்டர் தாளை வைத்துத் தேய்த்தார். பதினேழு எழுத்தும் எண்ணும் கல்வெட்டு மாதிரி வந்தது. ஆர்டரோடு ஒத்துப் பார்த்தார். சரி.

முடிந்தது என்று நினைத்தேன். தாரோகா ரசீதை நீட்டினார். கைப்பற்றியபோது இருந்த அதே நல்ல நிலையில் வண்டியைப் பெற்றுக்கொண்டேன், எந்தக் குறையும் இல்லை என்று அச்சடித்திருந்தது.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "எதுய்யா நல்ல நிலை? டயர் எங்க? பேட்டரி எங்க? மோட்டார் எங்க? நான் என் கையால மாட்டின மோட்டார். போலீஸ் ஸ்டேஷனுக்குள்ள திருடன் வந்தானா?"

"குறை இருக்குன்னா எழுதிக் குடுங்க. விசாரணை வெக்கறேன். அது முடியற வரைக்கும் வண்டி இங்க நிக்கும்" என்றார் தாரோகா, ரொம்ப மரியாதையாக.

"விடாதே ஃபேகன்" என்றேன். "ஒவ்வொண்ணா சொல்லு, வக்கீல் எழுதுவாரு. நான் பாத்துக்கறேன். பாட்னா வரைக்கும் போவேன்."

ஃபேகன் சுண்ணாம்பால் எழுதின 47-ஐப் பார்த்தான். பிறகு பேனாவை வாங்கி, நாக்கைக் கடித்துக்கொண்டு, தன் பேரைப் போட்டான். சிந்தூரம் வடிந்த கை ரசீதில் பட்டு ஒரு சிவப்பு உள்ளங்கை பதிந்தது. தாரோகா கறையைப் பார்த்து முகம் சுளித்தார், ஆனாலும் வாங்கிக்கொண்டார். துலாரி அதில் ஒரு படியைக் கையிலிருந்து பிடுங்காத குறையாக வாங்கி, கலெக்டர் ஆபீஸுக்கு ஷேர் ஆட்டோ பிடித்து ஓடினாள். ஐந்து மணிக்கு எழுத்தர் கிளம்பிவிடுவார்.

வண்டியை என் லாரியில் ஏற்றச் சங்கிலி மாட்டினோம். தூக்கினபோது தொட்டிக்குள் தண்ணீர் அலம்பியது. தகரம் சரிந்தது. உள்ளே பாம்பு இல்லை. கன்னங்கரேலென்று மாங்குர் மீன், நம் ஊரில் தேளி என்போமே, அது. ஒவ்வொன்றும் முழங்கை நீளம். முப்பது நாற்பது இருக்கும். ஃபேகனின் நாற்பதாயிரம் குஞ்சு செத்த தொட்டியில் இவர்கள் மீன் வளர்த்திருக்கிறார்கள்.

தாரோகா தொண்டையைக் கனைத்தார். "மழைத் தண்ணி நின்னுச்சு. சும்மா விட்டோம். ஆர்டர்ல வண்டின்னுதான் இருக்கு, மீன்னு இல்ல. எறக்கி வெச்சுட்டுப் போங்க."

அப்போதுதான் லம்போதர் ஜா, தன் வாழ்நாளில் இரண்டாவது தடவையாக, உருப்படியாக ஒன்று பேசினார்.

"பேஷா எறக்கிடலாம் தாரோகா சாஹேப். ஒரு லிஸ்ட் மட்டும் எழுதிக் குடுங்க. இந்த மீன் யாரு விட்டது, எப்ப விட்டது, கேஸ் சொத்துல யாரும் கை வெக்கக் கூடாதுன்னு இருக்கறப்ப தினம் இதுக்கு யாரு தீனி போட்டது, இதுக்கு முன்னாடி எத்தனை மீன் இருந்து எங்க போச்சு. அவ்வளவுதான். நாளைக்கே கோர்ட்டுல தாக்கல் பண்ணிடறேன்."

தாரோகா சுரைக்கொடிப் பக்கம் திரும்பிக்கொண்டார். "எடுத்துட்டுப் போங்கய்யா" என்றார். ஜா என்னிடம் திரும்பி, "எனக்கு ரெண்டு பெரிசு" என்றார்.

லாரியை நானே ஓட்டினேன். இந்த வயதில் இந்தச் சந்துகளில் லாரி ஓட்ட வேறு யாருக்கும் தைரியம் வராது. பாதி வழியில் துலாரி போன் செய்தாள். எழுத்தர் நாற்பத்தேழை அடித்துவிட்டாராம். அடித்துவிட்டு, "நாளைக்கு ஏலத்துக்கு வேற பட்டியல் வெச்சிருக்காங்க, அதுல இருக்கான்னு தெரியல" என்றும் சொன்னாராம். அவள் அங்கேயே உட்கார்ந்துகொண்டாளாம், அந்தப் பட்டியலிலும் அடித்தால்தான் எழுந்திருப்பாளாம். அடித்தார்கள். ஆறரை மணிக்கு.

கேபினின் பின்கண்ணாடியைத் திறந்து இதைச் சொல்லலாம் என்று பார்த்தேன். ஃபேகன் தொட்டி விளிம்பில் குந்திக்கொண்டு, சிவந்த கையைத் தண்ணீருக்குள் விட்டுத் தட்டிக்கொண்டிருந்தான். பட் பட்டென்று.

மாங்குருக்குத் தண்ணீர் தட்ட வேண்டியதில்லை. அது தானே மேலே வந்து காற்றைக் குடித்துக்கொள்ளும். சேற்றில் போட்டாலும் பிழைக்கிற மீன். மூன்று வருஷம் போலீஸ் ஸ்டேஷனிலேயே பிழைத்திருக்கிறது.

"யோவ், அது மாங்குர்யா. அதுக்கு எதுக்குத் தட்டறே? ரெண்டு மணி நேரம் தட்டினது போதாதா?" என்று கத்தினேன்.

"தெரியும் சாச்சா" என்றான், கையை எடுக்காமல். "நீங்க ரோட்டைப் பாத்து ஓட்டுங்க."